மாவடிக்காத பூ

சுங்கை மெராந்தி தோட்டத்தில் ரப்பரை வெட்டிச் சாய்த்துவிட்டுச் எண்ணெய் எடுக்கிற செம்பனை போட்டது எழுபத்தைந்தில். புக்கிட் பெலண்டோக் போகிற சாலைக்கு இரண்டு பக்கமும் கண்ணுக்கெட்டிய தூரம் வரை செம்மண் மொட்டையாகக் கிடந்தது. நாற்று வந்து இறங்கிய அன்று தோட்ட மானேஜரான பெரிய துரை எல்லோரையும் நிறுத்தி வைத்து ஒரு பேச்சுப் பேசினார். இது புது ஜாதி விதை, தாயையும் தகப்பனையும் பார்த்துப் பார்த்துச் சேர்த்தது, விதை நன்றாக இருந்தால் மற்றதெல்லாம் தன்னால் வந்துவிடும் என்றார். வெளிக்காட்டு வேலைக்குக் கணக்கெழுதும் கிராணி திருநாவுக்கரசுதான் அதைத் தமிழில் எடுத்துச் சொன்னான். சொல்லும்போதே அந்த விதையைத் தானே கண்டுபிடித்தது போல அவனுக்கு நெஞ்சு நிமிர்ந்தது.

பனை பூக்கத் தொடங்கியதும்தான் கோளாறு தெரிந்தது. இளம் பனையில் பெண் பூ எக்கச்சக்கம். ஆண் பூவைத் தேடிப் பிடிக்க வேண்டும். பூத்ததில் பாதி காய் பிடிக்காமல் கறுத்து அழுகியது. அதற்காக இருபத்திரண்டு பெண்களைச் சேர்த்து ஒரு கும்பல் போட்டார்கள். ஆண் பூவை வெட்டி வந்து காயவைத்து, உதிர்கிற மஞ்சள் தூளை முகப்பவுடரோடு கலந்து, ரப்பர் பந்து வைத்த குழாயில் அடைத்துக் கொடுப்பார்கள். முள் மட்டைகளுக்கு நடுவே கையை விட்டு, பாளையை விலக்கி, பெண் பூவின் மேல் புஸ் புஸ்ஸென்று அடிக்க வேண்டும். அடித்த தேதியை மட்டையில் வெள்ளைப் பெயிண்டால் எழுத வேண்டும். மூன்று நாளைக்கு ஒரு சுற்று. பெண்கள் அதை ‘மாவடிக்கிறது’ என்றார்கள். வேலை முடிந்து லயத்து வீட்டுக்குத் திரும்பும்போது புருவம் வெளுத்து, முன்னங்கை முழுக்க முள் கீறி, பார்க்கவே ஒரு மாதிரி இருப்பார்கள்.

பன்னிரண்டாம் பிளாக்கைப் பஞ்சாலை பார்த்துக்கொண்டாள். குலை வெட்டுகிற சந்திரனின் மனைவி அவள். அப்போது இருபத்தெட்டு வயதிருக்கும். அவளுடைய பிளாக் சதுப்பு ஓரமாக இருந்தது. சதுப்புக்கு அந்தப் பக்கம் வேறொரு தோட்டத்தின் கிழட்டுப் பனைகள் நின்றன. மற்றவர்கள் பிளாக்கில் குலை அரைகுறையாகப் பிடித்தபோது அவள் பிளாக்கில் மட்டும் விரல் நுழைய இடமில்லாமல் காய்த்தது. “பஞ்சாலைக்குக் கைராசிலா” என்பான் கும்பலை மேய்க்கிற மண்டோர் சன்னாசி. கிராணிக்கும் அவள் மேல் நல்ல எண்ணம்தான்.

எழுபத்தொன்பதில் ஒரு நாள் காலை, திருநாவுக்கரசு மோட்டார் சைக்கிளை நிரை ஓரத்தில் நிறுத்தியதும் அவள் கிட்டே வந்தாள்.

“ஐயா, ஒன்னு சொன்னா கோவிச்சுக்க மாட்டீங்களே?”

“சொல்லு.”

“போன மாசம் நா எட்டு நாளு காய்ச்சல்ல கெடந்தேன்ல. எனக்குப் பதிலா இங்க யாரும் மாவடிக்கல. அந்த எட்டு நாள்ல பூத்த பூவ வந்து பாருங்க.”

போய்ப் பார்த்தான். மட்டையில் தேதி இல்லை. குலையோ நெருக்கமாகக் காய் பிடித்து நின்றது. அடுத்த பனையும் அப்படித்தான். அதற்கடுத்ததும்.

பஞ்சாலை அவனை இன்னொரு பனைக்குக் கூட்டிப் போனாள். விரிந்திருந்த ஆண் பூவுக்கு அடியில் தலைத்துண்டை விரித்துப் பிடித்து, பூவை இரண்டு தட்டு தட்டினாள். மஞ்சள் தூளோடு சேர்ந்து என்னவோ உதிர்ந்தது. நூல் நுனியை நறுக்கிப் போட்டது போல, கண்ணைச் சுருக்கிப் பார்த்தால்தான் தெரியும். அவை அசைந்தன.

“பேன் மாதிரி ஒரு பூச்சிங்க. மேலெல்லாம் மாவ அப்பிக்கிட்டுப் பெண் பூவுக்குப் போவுது. நா நின்னு பாத்தேன். நா அடிக்கிறதவிட அது நல்லா அடிக்குதுங்கய்யா.” சொல்லிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். அவள் முகத்தில் அன்றைக்கு இருந்தது ஆச்சரியம் ஒன்றுதான். திருநாவுக்கரசு பின்னாளில் அதை எத்தனையோ தடவை நினைத்துப் பார்த்திருக்கிறான்.

அவன் ஒரு வாரம் கோர்ஸ் போய் சர்டிபிகேட் வாங்கியவன். பனைக்குக் காற்றுதான் மகரந்தம் சுமக்கிறது என்று நோட்டில் எழுதி வைத்திருந்தான்.

“அது காத்து கொண்டு போறது. சதுப்புப் பக்கம் காத்து ஜாஸ்தி. பூச்சி பூவத் திங்க வந்திருக்கும்.”

“அப்ப விரிஞ்ச பெண் பூவு ஏன் சோம்பு வாசம் அடிக்குது? காத்துக்கு எதுக்குங்கய்யா வாசம்?”

அவனுடைய நோட்டில் வாசத்தைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. அதுதான் அவனைச் சுட்டது. “சமையக்கட்டுல இருக்க வேண்டிய மூளைய இங்க கொண்டாந்துட்ட. போய் மாவடிக்கிற வழியப் பாரு” என்று சொல்லி வண்டியைக் கிளப்பினான். அவளும் அதற்குச் சிரித்தாள்.

இரண்டு மாதம் கழித்துப் பன்னிரண்டாம் பிளாக்கில் பைப்புழு இறங்கியது. ஓலையைத் தின்று, சருகைப் பையாகப் பின்னி அதற்குள் இருந்துகொண்டு தொங்குகிற புழு. முதலில் சாலையோரத்தில் நாலைந்து பனை பழுப்பேறியது. பிறகு நிரை நிரையாக நெருப்புப் பட்டது போல ஆயிற்று. பெரிய துரை நேரில் வந்து பார்த்து, மருந்தடிக்க வேண்டியதுதான் என்றார். கிளம்பும்போது கேட்டார்.

“அங்கே கவனிக்க வேண்டியது வேறு ஏதாவது இருக்கிறதா?”

“ஒன்றும் இல்லை சார். பனை மட்டும்தான்.”

துரை கேட்டது தண்ணீர்க் குழாயை, மேய்கிற மாட்டை மனதில் வைத்து. அவனும் அதை நினைத்துத்தான் சொன்னான். ஆனாலும் பூச்சிகள் விழுந்த அந்தத் தலைத்துண்டு அந்தக் கணத்தில் அவன் மனதில் வந்து போனது. வராமல் இல்லை. ஒரு கூலிக்காரப் பெண் பூவில் பேன் பார்த்தாள் என்று துரையிடம் எப்படிச் சொல்வது?

அடுத்த நாள் காலை எல்லோரும் வரிசையில் நிற்கிற பெரட்டில் பஞ்சாலை அவனருகே வந்து மெதுவாகக் கேட்டாள். “ஓலைக்கு மட்டும் அடிக்கச் சொல்லுங்கய்யா. பூவுல பட்டா அந்தப் பூச்சியும் செத்துரும்.” அவன் பேர்ப் பட்டியலிலிருந்து தலையைத் தூக்கவில்லை.

ஐந்து பேர் முதுகில் பம்பைக் கட்டிக்கொண்டு மூன்று நாள் அடித்தார்கள். மூன்று வாரம் கழித்து இன்னொரு தடவை. அதற்கு அடுத்த மாதம் இன்னொரு தடவை. பைப்புழு ஒழிந்தது போல இருக்கும். பிறகு முன்னைவிட ஜாஸ்தியாக வரும். புழுவைத் தின்கிற குளவி எதுவோ அதுவும் சேர்ந்து செத்திருக்கிறது என்று அப்போது யாருக்குத் தெரியும்? மருந்து நெடியில் அந்தப் பக்கம் பறவைகூட வரவில்லை. பஞ்சாலை மூக்கில் துண்டைக் கட்டிக்கொண்டு மூன்று நாளைக்கொரு சுற்று மாவடித்துக்கொண்டுதான் இருந்தாள். அந்த வருஷம் மழையும் விடாமல் பெய்து, சதுப்போரம் ஈரம் காயவே இல்லை. அடித்த மாவு பூவிலேயே கரைந்து வழிந்தது.

பூத்த பூ பழுத்துக் குலையாக வெட்டுக்கு வர ஐந்தாறு மாதமாகும். எண்பது பிறந்து கொஞ்ச நாளில் பன்னிரண்டாம் பிளாக் குலைகள் லோரியில் ஏற வந்தபோது சந்திரனே கத்தியைக் கீழே வைத்துவிட்டு நின்றான். குலையா அது? நடுவில் பத்துப் பழம், சுற்றி வெறும் முள்ளும் கறுத்த சக்கையும். மற்ற பிளாக்குகள் எப்போதும் போல அரைகுறைதான். தோட்டத்திலேயே சிறந்ததாக இருந்த பன்னிரண்டு அவற்றுக்கும் கீழே போய்விட்டது. மட்டைகளில் மட்டும் வெள்ளைப் பெயிண்டில் தேதிகள் ஒன்றுவிடாமல் இருந்தன.

தேதி இருக்கிறது, காய் இல்லை. ஆபீசில் எல்லோருக்கும் ஒரே எண்ணம்தான் வந்தது. அடிக்காமலே எழுதியிருக்கிறாள்.

பெரிய துரை விசாரணை வைத்தார். மேசைக்கு முன்னால் பஞ்சாலை நின்றாள். பக்கத்தில் சன்னாசி.

“அவ அப்படிப்பட்டவ இல்லீங்க. மழையில கூட நிப்பா” என்றான் சன்னாசி.

துரை கிராணியைப் பார்த்தார். “நீ என்ன நினைக்கிறாய்?”

அந்த இடத்தில் திருநாவுக்கரசு ‘தெரியாது’ என்று சொல்லியிருக்கலாம். மழையைச் சொல்லியிருக்கலாம், மருந்தைச் சொல்லியிருக்கலாம். மூன்று தடவை மருந்தடித்தது அவன் மேற்பார்வையில். கேள்வி தன் பக்கம் திரும்பிவிடுமோ என்று ஒரு கணம் பயந்தான். அந்தப் பயத்தில்தான் அவன் வாய் திறந்தது.

“மாவடிக்காத பூவும் காய்க்குதுன்னு இவளே எங்கிட்ட ஒரு தடவை சொன்னா, சார். அந்த நெனப்புல விட்டிருப்பான்னு தோணுது.”

அதில் பொய் ஒன்றும் இல்லை. அவள் சொன்னதைத்தான் சொன்னான். துரை தலையாட்டினார். பஞ்சாலை அவனைத் திரும்பிப் பார்த்தாள். கோபம் இருந்திருந்தால் அவனுக்குத் தாங்கியிருக்கும். அவள் என்னவோ சரியாகக் காதில் விழாதவள் போல, திரும்பச் சொல்லுங்கள் என்று கேட்கப் போகிறவள் போலப் பார்த்தாள். பிறகு தலையைக் குனிந்துகொண்டாள்.

வேலையை விட்டு நிறுத்தவில்லை. மறுநாள் பெரட்டில், எல்லோருக்கும் முன்னால், அவள் பேரைக் கூப்பிட்டு, வேலை செய்யாமல் தேதி போட்டதற்காக உரம் சுமக்கிற கும்பலுக்கு மாற்றியிருக்கிறது என்று வாசிக்கச் சொன்னார்கள். கிராணிதான் வாசித்தான். ஒன்பது நாள் அவள் உரம் சுமந்தாள். பத்தாம் நாள் சந்திரன் ஒரு லோரியைக் கூட்டிக்கொண்டு வந்தான். “எம் பொண்டாட்டியப் புளுகின்னு சொன்ன தோட்டத்துல எனக்கென்னா வேல?” என்றான், யாரையும் பார்க்காமல். கட்டில், தகரப் பெட்டி, சாமி படம், பெண் குழந்தை எல்லாம் லோரியில் ஏறின. அம்பாங்கானில் சந்திரனின் அக்கா வீடு இருந்தது. அங்கே போனார்கள்.

எண்பத்தொன்றின் பின்பாதியில் ஆராய்ச்சி நிலையத்திலிருந்து ஓர் அதிகாரி வந்தார். நெற்றியில் வியர்வை வழிய, மண்ணில் உட்கார்ந்து வேலை பார்க்கிற மலாய்க்காரர். ஜீப்பில் வலைப்பைக்குள் வெட்டிய ஆண் பூக்களை வைத்திருந்தார். பைக்குள் எள்ளு அளவில் பழுப்பு வண்டுகள் ஊர்ந்தன. ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவந்து, வேறு எதையும் தின்னாது என்று சோதித்துப் பார்த்து, ஜோகூரில் முதலில் விட்டார்களாம். இப்போது இங்கே.

பைகளைப் பனையில் தொங்கவிட்டுவிட்டு அவர் கிராணியோடு நிழலில் உட்கார்ந்து தண்ணீர் குடித்தார்.

“இத்தனை வருஷம் நாம் பனையை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தோம், என்சிக்” என்று மரியாதை வைத்தே மலாயில் சொன்னார். “நல்ல விதை, நல்ல உரம், அவ்வளவுதான் என்று. அதன் சொந்த ஊரான ஆப்பிரிக்காவில் பனையும் இந்த வண்டும் பிரிக்க முடியாத கூட்டாளி. பூ வாசம் விடும், வண்டு வரும், பூவிலேயே முட்டை போடும். நாம் பனையைக் கப்பலேற்றிவிட்டோம். கூட்டாளியை அங்கேயே விட்டுவிட்டோம். பிறகு காற்று காற்று என்று புத்தகத்தில் எழுதிக்கொண்டிருந்தோம்.”

திருநாவுக்கரசு பனையில் தொங்கிய பைகளைப் பார்த்தான்.

“இந்தப் பக்கம் சில இடத்தில் ஒரு சின்னப் பூச்சி இந்த வேலையைக் கொஞ்சம் பார்த்திருக்கிறது” என்று அவர் தொடர்ந்தார். “நூல் போல இருக்கும். பழைய பனை பக்கத்தில் இருந்தால் வரும். மருந்தடித்தால் போய்விடும். இங்கே யாராவது பார்த்திருக்கிறார்களா?”

அது அவனுக்குக் கிடைத்த இரண்டாவது வாய்ப்பு. பேர் சொன்னால், அப்புறம் என்ன ஆயிற்று, அந்த அம்மா எங்கே என்று கேட்பார்.

“இல்லை, என்சிக். யாரும் பார்க்கவில்லை.”

அதிகாரி நோட்டில் என்னவோ எழுதிக்கொண்டார்.

அடுத்த வருஷம் தோட்டம் முழுக்கக் குலைகள் பிதுங்கின. வெட்டுகிறவர்கள் தூக்க முடியாமல் திணறினார்கள். பெரிய துரைக்கு மாற்றலோடு பதவி உயர்வு. மாவடிக்கிற கும்பலுக்கு வேலை இல்லாமல் போனது. ஒரு சனிக்கிழமை மத்தியானம் பெண்கள் வரிசையாக வந்து ரப்பர் பந்துக் குழாயை ஸ்டோரில் ஒப்படைத்தார்கள். சிலர் புல் வெட்டப் போனார்கள். சிலர் மருந்தடிக்கும் கும்பலுக்குப் போனார்கள். பாதிப் பேர் டவுனுக்குப் போய்விட்டார்கள். ராக்கம்மா என்ற வயதான பெண், குழாயை மேசையில் வைத்துவிட்டு, “இந்த மாதிரிப் பூச்சியத்தான போறப்ப பஞ்சால சொன்னா?” என்று பொதுவாகக் கேட்டாள். கிராணி அவள் பேரை எழுதி, அடுத்தவள் பேரைக் கூப்பிட்டான்.

எண்பத்து நான்கு தைப்பூசம் முடிந்த வாரம் அவன் சன்னாசியிடம் விலாசம் கேட்டு வாங்கினான். சன்னாசி ஏன் என்று கேட்கவில்லை. சிரம்பானுக்குப் பஸ் பிடித்து, அம்பாங்கானில் இறங்கி, கடைவரிசைக்குப் பின்னால் இருந்த பலகை வீட்டைக் கண்டுபிடித்தான். பஞ்சாலை வாசலில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். சதை போட்டிருந்தாள். ஏதோ தொழிற்சாலைக் கேண்டீனில் வேலை, அன்றைக்கு லீவு. அவனைப் பார்த்ததும் ஒரு கணம் அடையாளம் தெரியாமல் நின்று, பிறகு “வாங்கய்யா” என்றாள். நாற்காலி போட்டாள். மைலோ கலக்கிக் கொண்டுவந்து வைத்தாள். சந்திரன் லோரி ஓட்டிக்கொண்டு குவாந்தான் போயிருப்பதாகச் சொன்னாள்.

“உங்ககிட்ட ஒன்னு சொல்லணும்னு வந்தேன்” என்றான். அவளை ‘நீங்க’ என்று சொல்வது அதுதான் முதல் தடவை.

எல்லாவற்றையும் சொன்னான். வண்டு வந்ததை, அதிகாரி சொன்னதை, அவர் கேட்டபோது தான் மறைத்ததையும்கூட.

“எனக்குத் தெரியுங்க. ராக்கம்மாக்கா பாசார்ல பாத்தப்ப சொல்லுச்சி” என்றாள். “நீங்க அன்னிக்கி நம்பாம போனது எனக்கு வருத்தம் இல்ல. சொல்லப் போனா நிம்மதி. வெளயாட்டா சொல்லிட்டு வீட்டுக்குப் போனப்புறம்தான் பயம் வந்திச்சி. பூச்சியே வேலயப் பாத்துக்கிட்டா நாங்க இருவத்திரண்டு பேரும் எங்க போறது? யாரும் நம்பிரக் கூடாதுன்னு மாரியாத்தாவ வேண்டிக்கிட்டேன். அப்புறம் மருந்தடிக்க வந்தப்ப மனசு கேக்கல. அதுவும் ஒரு உசுருதான, எங்கூட வேல செஞ்சிச்சில்ல.”

அவன் மைலோக் குவளையைத் தள்ளி வைத்தான்.

“ஆனா அந்தப் பேச்ச எடுத்து என் தலையிலேயே அடிச்சீங்க பாருங்க, அது வேற. மழையில நின்னு அடிச்சேங்கய்யா நான். ஒரு பூவ விடல. அந்த ஒம்பது நாள்ல எம் மவகிட்ட பள்ளிக்கூடத்துல தோட்டத்துப் புள்ளைங்க கேட்டுச்சாம், ஒங்கம்மாதான அடிக்காம தேதி போட்டதுன்னு.”

“நான் என்ன செய்யணும், சொல்லுங்க. புது மானேஜருக்கு எழுதித் தரவா?”

“அவருக்கு என்னா தெரியும்?” என்றாள். “பெரட்டுல வாசிச்சீங்க. முடிஞ்சா பெரட்டுல சொல்லுங்க.”

மன்னித்தேன் என்று அவள் சொல்லவில்லை. அவனும் கேட்கவில்லை. பஸ் நேரம் மட்டும் சொல்லி அனுப்பினாள்.

அடுத்த திங்கட்கிழமை விடியற்காலை பெரட்டில், பேர் கூப்பிட்டு முடித்ததும் திருநாவுக்கரசு தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்தான். எதிரே எண்பது பேர் நின்றார்கள். நாலு வருஷத்துக்கு முன்னால் இதே இடத்தில் பஞ்சாலை என்கிற பெண்ணைப் பற்றித் தான் வாசித்தது தவறு என்றான். அவள் ஒரு பூவைக்கூட விடாமல் மாவடித்தாள், காய் பிடிக்காமல் போனதற்கு மருந்தும் மழையும் காரணம், பூச்சியை அவள்தான் முதலில் பார்த்தாள், தான்தான் அதைக் காதில் வாங்கவில்லை என்றான். சத்தமாகத்தான் சொன்னான்.

முன்வரிசையில் பாதிப் பேர் புதிதாக வந்த இந்தோனேசியர்கள். அவர்களில் ஒருவன் பக்கத்தில் இருந்தவனிடம், “சியாப்பா பஞ்சாலை?” என்று, பஞ்சாலை யார் எனக் கேட்டான். அவன் தோளைக் குலுக்கினான். தமிழர்களிலும் மற்றவர்கள் வேறு தோட்டங்களிலிருந்து வந்தவர்கள்; பழைய ஆட்கள் இந்த இரண்டு வருஷத்தில் ஒவ்வொருவராக டவுனுக்குப் போயிருந்தார்கள். சன்னாசி தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்துக் கையில் வைத்துக்கொண்டு நின்றான். பின்னால் புல் வெட்டுகிற கும்பலில் ராக்கம்மாவும் முன்பு மாவடித்த இன்னொருத்தியும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒரு நிமிஷத்தில் லோரி ஹாரன் அடித்தது. எல்லோரும் கலைந்து ஏறிக்கொண்டார்கள்.

அதன் பிறகு பைப்புழு வந்தபோதெல்லாம் திருநாவுக்கரசு மருந்துக்குச் சுலபத்தில் கையெழுத்துப் போட்டதில்லை. ஓலையை வெட்டிக் கொளுத்தலாம், கொஞ்சம் பொறுக்கலாம், அங்கே வேறு உயிர்களும் இருக்கின்றன என்று ஆபீசில் வாதாடுவான். சில தடவை கேட்டார்கள். பல தடவை கேட்கவில்லை. வயசான கிராணிக்குப் பூச்சிப் பைத்தியம் என்று சின்ன கிராணிகள் சிரித்துக்கொண்டார்கள்.

பெரட்டில் சொன்ன செய்தியைச் சன்னாசிதான் அம்பாங்கானுக்குக் கொண்டு போனான். திரும்பி வந்தவனிடம் திருநாவுக்கரசு கேட்டான்.

“என்னா சொன்னாங்க?”

“கேட்டுக்கிட்டா. அவள அறிஞ்சவங்க அங்க எத்தன பேரு நின்னாங்கன்னு கேட்டா.”

“நீ என்னா சொன்ன?”

“மூனு பேருன்னு சொன்னேன், ஐயா. சரின்னுட்டு அரிசி களைய உள்ள போயிட்டா.”